பழைய கிராமபோன் தட்டை இணையத்தில் பகிர்வது எப்படி? முழுமையான வழிகாட்டி

பழைய நாடகப் பாட்டோ, முப்பதுகளில் பாடப்பட்ட கீர்த்தனையோ இணையத்தில் தேடிப் போனவர்களுக்கு இது பழக்கமான ஏமாற்றம். பாட்டு கிடைத்துவிடும், ‘அரிய பாடல்’ என்று தலைப்பும் இருக்கும். பாடியவர் யார், எந்த நிறுவனத்தின் தட்டு, தட்டு எண் என்ன என்று ஒரு வரி இருக்காது. படத்துக்கு வேறு யாரோ ஒரு பாடகரின் முகம். பாட்டுக்கு நடுவே, பதிவேற்றியவர் தன் பெயரைச் சொல்லும் குரல். கடைசிச் சில விநாடிகள் வெட்டுப்பட்டிருக்கும். எண்பது தொண்ணூறு வருடம் பரணிலும் மரப்பெட்டியிலும் தப்பிப் பிழைத்த குரல், இணையத்துக்கு வந்த பிறகு பெயரில்லாமல் திரிகிறது.

ஒலியோடு தட்டின் விவரமும் சேர்ந்து போனால்தான் அதைப் பகிர்வு என்று சொல்ல முடியும் என்பது என் உறுதியான எண்ணம். விற்பனையில் இல்லாத தமிழ் இசைத்தட்டு ஒன்று உங்கள் கைக்கு வந்திருக்கிறது என்று வைத்துக்கொண்டு, அதைத் துடைப்பது முதல் இணையத்தில் ஏற்றுவது வரை வரிசையாக எழுதுகிறேன்.

கையில் இருப்பது என்ன தட்டு?

நிமிடத்துக்கு 78 முறை சுழலும் 78 சுற்றுத் தட்டுகள், இந்தியாவில் 1960களின் இறுதி வரைகூட வந்துகொண்டிருந்தன. பெரும்பாலானவை 10 அங்குலம். ஒரு பக்கத்துக்கு மூன்று, மூன்றரை நிமிடம் ஓடும். அரக்கும் கற்பொடியும் கரியும் கலந்து அழுத்திச் செய்தவை. பின்னால் வந்த வினைல் எல்பி தட்டைப் போல வளைந்து கொடுக்காது; கை தவறினால் உடையும்.

தமிழ்த் தட்டுகளில் எச்.எம்.வி., கொலம்பியா, ட்வின், ஓடியன், பிராட்காஸ்ட் ஆகிய பெயர்கள் அடிக்கடி கண்ணில் படும். ஜெர்மனியின் ஓடியன் நிறுவனம் இந்தியாவில் இரண்டு காலகட்டங்களில் தட்டு வெளியிட்டது: 1912 முதல் 1916 வரை ஒன்று, 1932 முதல் 1938 வரை மற்றொன்று. இரண்டாவது காலகட்டத்தின் சென்னை முகம், ஏ.வி.மெய்யப்பன் கூட்டாளிகளோடு 1932-ல் தொடங்கிய சரஸ்வதி ஸ்டோர்ஸ். படத் தயாரிப்பாளராக அறியப்பட்டவர் முதலில் தட்டு விற்றவர் என்பதை இன்று பலர் மறந்துவிட்டார்கள்.

நாடக செட் கிடைத்தால் தனிக் கவனம் வேண்டும். ஒரே நாடகத்தைப் பல தட்டுகளில் பிரித்து வெளியிடுவது அக்கால வழக்கம். நடுவில் ஒரு தட்டு மட்டும் உங்களிடம் இருந்தால், அது எத்தனையாவது பகுதி என்று லேபிளில் பார்த்துக் குறித்து வையுங்கள். மீதித் தட்டுகள் வேறு ஊரில் வேறு ஒருவரிடம் இருக்கும். அந்தக் குறிப்புதான் இருவரையும் சேர்த்து வைக்கும்.

வேலையைத் தொடங்குமுன் அதே பதிவு ஏற்கெனவே எங்காவது பாதுகாக்கப்பட்டிருக்கிறதா என்று தேடுங்கள். 1990-ல் மும்பையில் தொடங்கிய இந்திய இசைத்தட்டுச் சேகரிப்பாளர் சங்கத்தின் முயற்சியால், பிரிட்டிஷ் நூலகத்தின் அழிந்துவரும் ஆவணங்களுக்கான திட்டத்தில் ஓடியன் தட்டுகளும் ‘யங் இந்தியா’ தட்டுகளும் டிஜிட்டல் வடிவம் பெற்றன. நிறுவனமே மறுவெளியீடு செய்து விற்றுக்கொண்டிருந்தால் உங்கள் பதிவேற்றம் தேவையில்லை. வாங்கும் இடத்தைச் சொன்னால் போதும். முன்பே யாரோ ஏற்றியது தேய்ந்த தட்டாக இருந்து, உங்களுடையது தெளிவாக இருந்தால் தயங்காமல் மேலே போகலாம்.

துடைப்பது

இங்கே ஒரே ஒரு விதியை மனப்பாடம் செய்துகொள்ளுங்கள்: ஆல்கஹால் கூடவே கூடாது. எல்பி தட்டுக்கு விற்கும் சுத்திகரிப்புத் திரவங்கள் பலவற்றில் ஆல்கஹால் உண்டு. அரக்கு அதில் கரையும். ஸ்பிரிட் தொட்ட பஞ்சால் ஒரு முறை துடைத்தாலே தடத்தின் மேற்பரப்பு மங்கிவிடும். அப்புறம் எந்தக் கருவியாலும் அதைத் திருப்பிக் கொண்டுவர முடியாது.

காய்ச்சி வடித்த நீரில் மென்மையான சோப்புத் திரவம் இரண்டொரு துளி விட்டுக்கொள்ளுங்கள். மெல்லிய தூரிகையை, தடம் போகும் திசையிலேயே வட்டமாக ஓட்டுங்கள். குறுக்கே தேய்க்காதீர்கள். நடுவில் உள்ள லேபிள் நனையவே கூடாது. நனைந்தால் எழுத்து போய்விடும். பிறகு வெறும் வடிநீரால் அலசி, பஞ்சுத் துணியால் ஒற்றி, நிழலில் செங்குத்தாக நிறுத்தி உலர விடுங்கள். வெயிலில் வைத்தால் தட்டு நெளிந்துவிடும். பூஞ்சை பிடித்த தட்டை மற்றத் தட்டுகளோடு சேர்த்து வைக்காதீர்கள். பழைய காகித உறைக்குள் மறுபடி நுழைக்கவும் வேண்டாம். ஆனால் உறையைத் தூக்கி எறியாதீர்கள். கடையின் பெயரும் ஊரும் விலையும் அதில் அச்சாகியிருக்கலாம்.

முள்

சாவி கொடுத்து ஓட்டும் பழைய கிராமபோனில் தட்டைப் போட்டு, கூம்புக்கு முன்னால் கைபேசியை வைத்துப் பதிவது பார்க்க அழகாக இருக்கும். அரிய தட்டுக்கு அதைச் செய்யாதீர்கள். அந்த ஒலிப்பெட்டியின் முழுப் பாரமும் எஃகு முள்ளின் நுனியில் இறங்குகிறது. ஒரு பக்கத்துக்கு ஒரு முள் என்று அக்காலத்தில் விதித்திருந்தார்கள்; ஒவ்வொரு ஓட்டத்திலும் முள்ளும் தேய்ந்தது, தட்டும் தேய்ந்தது. உலகில் நான்கைந்து பிரதிகள் மட்டுமே எஞ்சியிருக்கக்கூடிய ஒன்றைக் காட்சிக்காகத் தேய்ப்பது சரியல்ல.

78 சுற்று ஓடக்கூடிய மின் டர்ன்டேபிள் (தட்டுச் சுழற்றி), மூன்று முதல் ஐந்து கிராம் பாரத்தில் ஓடும் கார்ட்ரிட்ஜ் (முள்ளின் அசைவை மின்குறியாக்கும் பகுதி), 78-க்கு உரிய முள் ஆகிய மூன்றும் வேண்டும். எல்பி முள்ளின் நுனி 18 முதல் 25 மைக்ரான் (ஒரு மைக்ரான், மில்லிமீட்டரில் ஆயிரத்தில் ஒரு பங்கு). 78 தடமோ அகலமானது. அதற்கு ஏறக்குறைய 75 மைக்ரான் நுனி தேவை. எல்பி முள்ளைப் போட்டால் அது தடத்தின் அடிக்குப் போய் அங்கே சேர்ந்த தூசியில் உருளும். கேட்கும் இரைச்சலில் பெரும்பகுதி பாட்டோடு சம்பந்தமில்லாததாக இருக்கும்.

கொஞ்சம் செலவு செய்ய முடிந்தவர்கள் 65, 75, 90 மைக்ரான் என்று இரண்டு மூன்று அளவுகளில் முள் வைத்துக்கொள்ளலாம். பழைய எஃகு முள்கள் தடத்தின் சுவரை ஒரு குறிப்பிட்ட ஆழத்தில்தான் தேய்த்திருக்கும். சற்றுப் பெரிய முள் அதற்கு மேலேயும், சிறியது அதற்குக் கீழேயும் தேயாத சுவரைத் தொடும். ‘இனி ஒன்றுக்கும் ஆகாது’ என்று ஒதுக்கிய தட்டில், முள்ளை மாற்றியதும் பாடகியின் சொற்கள் தெளிவாக எழுந்து வருவதைக் கேட்பது இந்த வேலையின் பெரிய மகிழ்ச்சிகளில் ஒன்று.

வேகமும் சுருதியும்

கர்நாடக இசைக்காரர்கள் அதிகக் கவனம் கொடுக்க வேண்டிய இடம் இது. பகிர்பவர்கள் அதிகம் தவறவிடும் இடமும் இதுதான்.

‘78 சுற்று’ என்று சொல்கிறோமே தவிர, பழைய தட்டுகள் எல்லாம் சரியாக 78-ல் பதிவானவை அல்ல. ஆரம்ப காலத் தட்டுகளில் 70 முதல் 80-க்கு மேல் வரை வேறுபாடு உண்டு. 74-ல் பதிவான ஒன்றை 78-ல் ஓட்டினால் சுருதி ஏறக்குறைய அரைக்கட்டை ஏறிவிடும். காலப்பிரமாணமும், அதாவது பாட்டின் நடையும், கூடும். குரல் மெலிந்து, பிருகா என்னும் விரைவான ஸ்வர உருட்டல் இயல்பை மீறிய வேகத்தில் விழும். ‘அந்தக் காலத்துக்காரர்கள் எவ்வளவு வேகமாகப் பாடினார்கள்’ என்று வியப்பவர்கள், சில நேரம் தவறான வேகத்தைத்தான் வியந்துகொண்டிருக்கிறார்கள்.

முதலில் டர்ன்டேபிளையே சோதியுங்கள். கோடு போட்ட ஸ்ட்ரோப் வட்டத்தைத் தட்டின் மேல் வைத்து, மின்விளக்கு வெளிச்சத்தில் கோடுகள் அசையாமல் நிற்கிறதா என்று பார்ப்பது பழைய முறை. நம் நாட்டு மின்சாரம் 50 ஹெர்ட்ஸ் என்பதால் 78-க்கான வட்டத்தில் 77 கோடுகள் இருக்க வேண்டும். இணையத்தில் கிடைக்கும் அமெரிக்க வட்டத்தில் 92 கோடுகள் இருக்கும். அது 60 ஹெர்ட்ஸ் மின்சாரத்துக்கானது, இங்கே உதவாது. எல்.இ.டி. விளக்குகள் பல இதற்குச் சரிப்படாது. குண்டு பல்போ நியான் விளக்கோ பயன்படுத்துங்கள்.

இயந்திரம் சரியானதும் தட்டுக்கு வாருங்கள். பாடகரின் ஆதார சுருதியை, சுருதிப் பெட்டியோடோ கைபேசிச் செயலியோடோ ஒப்பிடுங்கள். ஐந்து கட்டைக்கும் ஐந்தரைக் கட்டைக்கும் நடுவில் எங்கோ நிற்கிறதென்றால் வேகத்தைச் சந்தேகிக்கலாம். ஆனால் அந்த ஒரு சான்றை வைத்து முடிவு கட்டிவிடாதீர்கள்; அக்கால ஆர்மோனியங்கள் எல்லாம் ஒரே அளவில் சேர்க்கப்பட்டவை அல்ல. அதே பாடகரின் அதே நேரத்துப் பதிவுகள் இரண்டு மூன்று கிடைத்தால் ஒப்பிட்டுப் பாருங்கள். குரல் உயரத்தில் இருப்பதாலேயே வேகம் தவறு என்றும் சொல்லிவிட முடியாது. எஸ்.ஜி.கிட்டப்பா போன்றவர்கள், ஒலிபெருக்கி இல்லாத நாடகக் கொட்டகையின் கடைசி வரிசைக்கும் எட்டும்படி உச்ச சுருதியில் பாடிப் பெயர் பெற்றவர்கள்.

எந்த வேகத்தில் ஓட்டினீர்கள், ஏன் அந்த வேகம் என்று ஒரு வரி எழுதிவிடுங்கள். நாளை இன்னும் நல்ல காது உள்ளவர் திருத்திக்கொள்ள அது வழி விடும்.

பதிவு செய்வது

24 பிட், 96 கிலோஹெர்ட்ஸில் பதியுங்கள். வசதி இல்லையென்றால் 48 கிலோஹெர்ட்ஸ் போதும், அதற்குக் கீழே போகாதீர்கள். கணினியில் ஆடாசிட்டி போன்ற இலவச மென்பொருளே இதற்குத் தாராளம். தட்டு மோனோதான் என்றாலும் ஸ்டீரியோவில் பதியுங்கள். தடத்தின் இரண்டு சுவர்களும் தனித்தனியாகக் கிடைக்கும். ஒரு சுவர் மட்டும் கெட்டிருந்தால் நல்ல சுவரை எடுத்துக்கொள்ளலாம். இரண்டும் நன்றாக இருந்தால் கூட்டி மோனோ ஆக்கும்போது மேலும் கீழுமான அசைவில் எழும் இரைச்சல் குறையும்.

கவனிக்க வேண்டிய இன்னொன்று, கார்ட்ரிட்ஜிலிருந்து வரும் மெல்லிய மின்குறியைப் பெருக்கும் பிரீ ஆம்ப்ளிஃபயர். இன்றைய கருவிகள் எல்லாம் 1950களின் நடுவில் பொதுவான ஆர்.ஐ.ஏ.ஏ. வளைவுக்கு, அதாவது எந்த ஒலிப்பகுதியை எவ்வளவு ஏற்றி இறக்குவது என்ற அளவுக்கு, ஏற்பச் செய்யப்பட்டவை. அவை 10 கிலோஹெர்ட்ஸில் ஏறக்குறைய 14 டெசிபல் குறைத்துவிடும். எல்பி தட்டில் அந்தப் பகுதியைப் பதியும்போதே உயர்த்தியிருப்பார்கள். பழைய 78-ல் பெரும்பாலும் அப்படி உயர்த்தவில்லை. விளைவு, வயலினின் நுனியும் ‘ச’, ‘ஸ’ போன்ற ஒலிகளும் போர்வைக்குள்ளிருந்து கேட்பதுபோல் அமுங்கிவிடும். வளைவு எதுவும் சேர்க்காத பதிவை மூலமாக வைத்துக்கொண்டு, திருத்தத்தைக் கணினியில் செய்யுங்கள். 1925-க்கு முன் கூம்பின் முன் பாடிப் பதிந்த தட்டுகளுக்கு எந்த வளைவும் கிடையாது.

முள் விழும் சத்தத்திலிருந்து, கடைசித் தடத்தில் முள் சுழலும் சத்தம் வரை முழுமையாகப் பதியுங்கள். பாட்டு முடிந்த பிறகு பேச்சு வரலாம். 1902 நவம்பரில் கல்கத்தாவில் பாடகி கௌஹர் ஜான் பாடியபோது, முடிவில் தன் பெயரை ஆங்கிலத்தில் சொன்னார். தட்டு அச்சாகப் போவது ஜெர்மனியின் ஹானோவரில். அங்கே மொழி தெரியாத தொழிலாளி சரியான லேபிளை ஒட்ட அந்த அறிவிப்பு உதவியது. 1908-ல் கல்கத்தாவிலேயே தொழிற்சாலை வந்த பிறகு அந்தத் தேவை குறைந்தது. ‘பாட்டு முடிந்துவிட்டது’ என்று வெட்டுகிறவர், பாடியவரே கொடுத்த கையொப்பத்தை வெட்டுகிறார்.

இரைச்சல் நீக்கம்

சொடுக்குச் சத்தங்களை மென்மையாக நீக்கலாம். கீறலால் எழும் ‘டக்’ ஒலி ஒரு சுற்றுக்கு ஒரு முறை வரும். அதைக் கையால் தேடி எடுப்பது நல்லது. தொடர்ந்து ஓடும் ‘ஸ்ஸ்’ இரைச்சலை முழுவதும் துடைத்தெடுக்க ஆசைப்படாதீர்கள். மென்பொருளுக்கு இரைச்சலும் தம்பூராவும் ஒன்றுதான். கமகத்தின் தேய்ந்து மறையும் நுனியும் அதோடு போய்விடும். எனக்குப் பழக்கமான அளவுகோல் இது: பாட்டு இல்லாத இடத்தில் முழு மௌனம் கேட்டால் அளவுக்கு மீறித் துடைத்திருக்கிறீர்கள். மூலக் கோப்பை மட்டும் எந்தக் காரணத்துக்காகவும் அழிக்காதீர்கள்.

விவரம் எழுதுவது

ஒலிப்பதிவு ஒரு மாலையில் முடிந்துவிடும். இது அதைவிட நேரம் கேட்கும், கொடுங்கள்.

இரண்டு பக்க லேபிளையும் நேர் மேலிருந்து, பளபளப்பு விழாமல் படம் எடுங்கள். லேபிளில் இருப்பதை எழுத்து மாறாமல் அப்படியே தட்டச்சு செய்யுங்கள். ‘காம்போதி’ என்று இருந்தால் ‘காம்போதி’ என்றே எழுதுங்கள்; ‘மிஸ்’ என்ற முன்னொட்டு இருந்தால் அதையும் விடாதீர்கள். உங்கள் திருத்தம் அடுத்த வரியில், உங்கள் பெயரோடு வரட்டும்.

லேபிளில் உள்ள தட்டு எண்ணைத் தவிர இன்னொரு எண் உண்டு. லேபிளை ஒட்டிய, தடமில்லாத வழவழப்பான வளையத்தில் சாய்வாக வெளிச்சம் அடித்துப் பார்த்தால் தெரியும். அதுதான் மேட்ரிக்ஸ் எண்; பதிவுக்கூடத்தில் அந்தப் பாட்டுக்குக் கொடுத்த எண். தட்டு எண் விற்பனைக்கானது, மறுவெளியீட்டில் மாறலாம். மேட்ரிக்ஸ் எண் மாறாது. ஒரே பாட்டை இரண்டு முறை பாடிப் பதிந்திருந்தால் இந்த எண்ணோ இதன் பின்குறியோதான் வேறுபாட்டைக் காட்டும். அடுத்தடுத்த எண்கள் பெரும்பாலும் ஒரே அமர்வில் பதிந்தவை என்பதால், பக்கவாத்தியக்காரர் யார், எந்த வருடம் என்பதற்கெல்லாம் இங்கிருந்து துப்புக் கிடைக்கும்.

ராகம், தாளம், இயற்றியவர், உடன் வாசித்தவர்கள், எங்கே எப்படிக் கிடைத்தது, எந்த முள், எந்த வேகம் ஆகியவற்றையும் சேருங்கள். வருடம் உறுதியாகத் தெரியாவிட்டால் ‘1930கள்’ என்று மட்டும் எழுதுங்கள். ஒருவர் ஊகமாகப் போட்ட ‘1934’ பத்து இடங்களில் நகலாகி, ஆதாரம் போல நிலைத்துவிடும். பாடல் வரிகள் புரியவில்லையென்றால் அக்காலப் பாட்டுப் புத்தகங்களைத் தேடுங்கள்; சென்னை ரோஜா முத்தையா ஆராய்ச்சி நூலகம் போன்ற இடங்களில் இவை பாதுகாக்கப்படுகின்றன. திரைப்படப் பாட்டென்றால் ஒரு எச்சரிக்கை: படத்தில் ஒலித்ததும் தட்டில் வந்ததும் வெவ்வேறு பதிவுகளாக இருப்பது அந்நாளில் சாதாரணம். ‘படத்திலிருந்து’ என்று எழுதாமல் ‘தட்டிலிருந்து’ என்று எழுதுங்கள்.

உரிமை

பழையது என்பதாலேயே எல்லாம் பொதுச்சொத்து ஆகிவிடாது. 1957-ஆம் ஆண்டின் இந்தியப் பதிப்புரிமைச் சட்டப்படி, ஒலிப்பதிவின் உரிமை வெளியான வருடத்துக்கு அடுத்த வருடத் தொடக்கத்திலிருந்து 60 ஆண்டுகள். 1960-ல் வெளியான தட்டுக்கு 2020 டிசம்பர் முடிய உரிமை இருந்தது.

பாட்டை எழுதியவருக்கும் மெட்டமைத்தவருக்கும் தனி உரிமை உண்டு. அது அவர்கள் மறைந்த வருடத்துக்குப் பின் 60 ஆண்டுகள். தியாகராஜர் 1847-ல் மறைந்தவர். அவருடைய கீர்த்தனைக்குச் சிக்கலே இல்லை. பாபநாசம் சிவன் மறைந்தது 1973-ல். அவர் பாடலைப் பாடிய 1930களின் தட்டில், ஒலிப்பதிவின் உரிமை என்றோ முடிந்திருக்கும். பாடலின் உரிமைக்காலம் 2033 முடியும் வரை ஓடும்.

கோப்பு எந்த நாட்டில் இருக்கிறது என்பதும் முக்கியம். 2018-ல் அமெரிக்கா இயற்றிய இசைச் சட்டத்தின்படி, 1923 முதல் 1946 வரை வெளியான ஒலிப்பதிவுகளுக்கு 100 ஆண்டுகளும், 1947 முதல் 1956 வரையானவற்றுக்கு 110 ஆண்டுகளும் பாதுகாப்பு. 78 சுற்றுத் தட்டுகளைத் திரளாக ஏற்றிவந்த இன்டர்நெட் ஆர்க்கைவ் என்னும் அமெரிக்க இணைய ஆவணக் காப்பகத்தின் மீது 2023-ல் யுனிவர்சல், சோனி உள்ளிட்ட நிறுவனங்கள் வழக்குத் தொடுத்தன. 2025-ல் அது சமரசத்தில் முடிந்தது. சந்தையில் விற்பனைக்கே இல்லாத பழைய பதிவை லாப நோக்கின்றிப் பயன்படுத்த, அங்கே பதிப்புரிமை அலுவலகத்தில் அறிவிப்புத் தாக்கல் செய்து 90 நாள் காத்திருக்கும் வழியும் அதே சட்டத்தில் இருக்கிறது.

சபாக் கச்சேரிகளை யாரோ நாடாவில் பதிந்து வைத்தது வேறு விஷயம். அதில் கலைஞரின் சம்மதம் வருகிறது. கலைஞர் இருந்தால் அவரிடமும், இல்லையென்றால் குடும்பத்தாரிடமும் கேட்டுவிடுங்கள். கச்சேரிப் பதிவுகளைத் தன்னார்வலர்கள் சேர்ந்து பகிர்ந்துகொள்ளும் சங்கீதப்ரியா இணையதளம், விற்பனைக்கு வந்த பதிவுகளை ஏற்காமல் இருப்பதும் இந்த மரியாதையின் ஒரு பகுதிதான்.

கொடுப்பது

குறையற்ற தரத்துக்கு ஃபிளாக் கோப்பு, கைபேசியில் கேட்பவர்களுக்கு எம்.பி.3, லேபிள் படங்கள், விவரக் குறிப்பு நான்கையும் ஒரே இடத்தில் ஏற்றுங்கள். கோப்பின் பெயரிலேயே பாடியவர், பாட்டின் முதலடி, தட்டு எண் மூன்றும் இருக்கட்டும். படமும் குறிப்பும் ஒரு நாள் பிரிந்து போனாலும் பெயர் கூடவே போகும்.

ஒலிக்கு நடுவே உங்கள் குரலைப் போடாதீர்கள். திருட்டுக்குப் பயந்து செய்கிறேன் என்பார்கள். பாடியவருக்குச் சொந்தமான மூன்று நிமிடத்தில் நம் பெயருக்கு இடமில்லை, குறிப்பில் எழுதிக்கொள்ளலாம். பணமும் கேட்காதீர்கள். முன்பு சேகரிப்பாளர்கள் ஒருவருக்கொருவர் கேசட்டில் பதிந்து, கையெழுத்தில் பட்டியல் எழுதி, தபாலில் அனுப்பிக்கொண்டார்கள். அந்தப் பட்டியல்களால்தான் பல பாடகர்களின் பெயர் நமக்குத் தெரிகிறது. பிறர் ஏற்றியதை எடுத்து மறுபடி ஏற்றுகிறீர்கள் என்றால் அவர் பெயரையும் அவர் எழுதிய குறிப்பையும் முழுமையாகச் சேருங்கள். அதேபோல, ‘என்னிடம் மட்டும்தான் இருக்கிறது’ என்று முப்பது விநாடி மட்டும் ஏற்றி ஏங்க வைப்பதை நான் பகிர்வாக ஏற்கவில்லை. அந்தத் தட்டுக்கு நாளை விரிசல் விழுந்தால் மீதி மூன்று நிமிடமும் யாருக்கும் இல்லை.

நிறுவனமோ குடும்பத்தாரோ நீக்கச் சொன்னால் வாதாடாமல் பொதுப் பார்வையிலிருந்து எடுத்துவிடுங்கள்; மூலக் கோப்பும் குறிப்பும் உங்களிடம் இருக்கட்டும், இன்னொரு பிரதி வேறு ஊரில் நம்பகமான ஒருவரிடம் இருக்கட்டும். ‘பாடியவர் அவர் இல்லை, அவர் தங்கை’ என்று யாராவது எழுதினால், எந்த ஆதாரத்தில் சொல்கிறார் என்று கேட்டு வாங்குங்கள். சரியென்று தெரிந்தால் குறிப்பைத் திருத்தி, பழைய விவரத்தையும் திருத்திய தேதியையும் கீழே விட்டு வையுங்கள். தவறான விவரத்தோடு முன்பே நகல் எடுத்தவர்கள் அதைப் பார்த்துத் தங்கள் பிரதியைச் சரிசெய்துகொள்வார்கள்.